ஃப்ரீ வில்லுக்குத் தமிழ்ல என்ன சொல்றது?

ஃப்ரீ வில்னு (என்ன செய்யணும்னு மனுஷன் தானே முடிவெடுக்குற திறன்) வந்தாலே நிறைய பேர் தன்னிச்சைனு போட்டுட்டுப் போயிடுறாங்க, எனக்கு அது ஒட்டவே மாட்டேங்குது. யாரையும் கேக்காம ஒரு தலைவர் முடிவெடுத்தா "தன்னிச்சையா நடந்துக்கிட்டார்"னு திட்டத்தானே அந்தச் சொல்ல வச்சிருக்கோம்! சுதந்திர சித்தம்னு எழுதுறவங்களும் உண்டு, கிறிஸ்தவ எழுத்துல சுய சித்தம், சுயாதீனம்னு வரும்.

லத்தீன்ல இது லிபரும் ஆர்பிட்ரியும். லிபரும்னா கட்டில்லாதது, ஆர்பிட்ரியும்னா நடுவர் ஒருத்தர் கேட்டு அலசிச் சொல்ற தீர்ப்பு. கடவுள் நல்லவர்னா தீமை எங்கேருந்து வந்துச்சுங்கிற கேள்விக்கு, மனுஷன் எடுக்குற இந்த முடிவுதான் காரணம்னு கிறிஸ்தவ இறையியலாளர் அகஸ்டின் 4ஆம் நூற்றாண்டு கடைசில இதே பேர்ல ஒரு நூலே எழுதினார். அதாவது பழி யார் மேலங்கிற வழக்கு இந்தச் சொல்லோட ஒட்டிக்கிட்டே வருது.

வேற மாதிரி செஞ்சிருக்க முடிஞ்சாத்தான் ஒருத்தனுக்கு ஃப்ரீ வில் இருக்கு, அப்பதான் அவனைக் குத்தம் சொல்லலாம்னு ரொம்ப நாளா ஒரு பேச்சு. 1969ல ஹாரி ஃப்ராங்ஃபர்ட்ங்கிற அமெரிக்கத் தத்துவவாதி அதுல ஓட்டை போட்டார். ஒருத்தன் கொலை பண்ண முடிவெடுக்கிறான்னு வைங்க, அவன் மனசு மாறுற மாதிரி தெரிஞ்சா உடனே அவன் மூளையைத் திருப்பிவிட இன்னொருத்தன் ரகசியமா ஒரு கருவி வச்சிருக்கான், ஆனா இவன் மனசு மாறவே இல்ல, தானாவே செஞ்சு முடிச்சுட்டான், கருவிக்கு வேலையே வரல. வேற வழி அவனுக்கு இருந்துச்சா? இல்ல. அவன் குற்றவாளியா? ஆமானுதான் நம்மள்ல பெரும்பாலானவங்க சொல்வோம்.

இங்கதான் எனக்கு தன்வயம்ங்கிற சொல் பிடிக்குது. இறைவனோட எட்டு குணத்துல தன்வயத்தனாதலையும் ஒண்ணா பரிமேலழகர் சொல்றார், யாருக்கும் கட்டுப்படாம தன் பிடியிலயே இருக்கிறது. வயம்ங்கிறது வசம்தான், வடமொழிலேருந்து வந்து நம்ம வாய்க்கு மாறினது. "நான் என் வசத்துலயே இல்ல"னு மன்னிப்பு கேக்குறோமே, அதே வசம். பரவசம்னா பிறர் வசமாகிறது, அதுக்கு நேர் எதிர் தன்வயம். ஃப்ராங்ஃபர்ட்டோட கொலைகாரன் தன்வயமாத்தான் செஞ்சான், கேஸ் முடிஞ்சுது.

நடக்குறது எல்லாம் முன்காரணங்களால ஏற்கெனவே தீர்மானமானதுங்கிற டிட்டர்மினிசத்துக்கு நியதிவாதம் போதும், ஆசீவகர்கள்ங்கிற பழங்கால இந்தியத் துறவிகளோட பழைய சொல்லே நியதிதான். ஊழ்னு போடாதீங்க, அதுல முன்வினைப் பயன்ங்கிற கணக்கும் கலந்திருக்கு, போதாததுக்கு 380ஆம் குறள்ல ஊழை விடப் பெரிய வலிமை எதுனு கேட்ட வள்ளுவரே 620ல விடாம முயற்சி பண்றவங்க ஊழையே புறமுதுகு காட்ட வைப்பாங்கங்கிறார்.

மாரல் ரெஸ்பான்சிபிலிட்டிக்கு தார்மீகப் பொறுப்பு வேண்டாம். எங்கயோ நடந்த விபத்துக்கு மந்திரி "தார்மீகப் பொறுப்பேற்று" ராஜினாமா பண்றார் பாருங்க, அங்க தான் செய்யாததுக்குப் பொறுப்பேக்குறார். தத்துவத்துல கேள்வியே தான் செஞ்சதுக்கு ஒருத்தன் பாராட்டுக்கோ பழிக்கோ உரியவனாங்கிறதுதான். அதுக்கு அறப்பொறுப்புனு எழுதினா குழப்பம் வராது.