சோகக் கவிதை ஏன் ஆறுதல் தருகிறது?

அப்பா இறந்து மூன்று மாதம் இருக்கும். விசாரிக்க வந்தவர்கள் எல்லோரும் நல்ல மனதோடுதான் பேசினார்கள், "காலம் எல்லாத்தையும் ஆத்தும்", "மனசைத் தேத்திக்கோ", "இனி நீதான் அம்மாவைப் பாத்துக்கணும்" என்று. ஒரு சொல்கூட உள்ளே இறங்கவில்லை. அப்புறம் ஒரு ராத்திரி தூக்கம் வராமல் பழைய பாடப்புத்தகத்தைப் புரட்டிக்கொண்டிருந்தபோது, பள்ளியில் ஒப்பித்து மார்க் வாங்கியதோடு மறந்துபோன புறநானூற்றின் 112ஆம் பாடல் கண்ணில் பட்டது. ஐந்தே வரி. தந்தை பாரியைப் பறிகொடுத்த மகள்கள் பாடியது. படித்ததும் அழுதேன். அழுது முடித்தபோது, அந்த மூன்று மாதத்தில் முதல்முறையாக நெஞ்சு லேசாக இருந்தது.

துக்கத்தில் இருப்பவர் தலையில் இன்னொருவரின் துக்கத்தையும் ஏற்றினால் பாரம் கூடத்தானே வேண்டும்? ஏன் குறைகிறது? இந்தக் கேள்வியோடு அன்றிலிருந்து நிறையப் படித்திருக்கிறேன்.

எல்லோருக்கும் தெரிந்த பழைய பதில் ஒன்று உண்டு. கி.மு. 4ஆம் நூற்றாண்டில் அரிஸ்டாட்டில், துயர நாடகம் பார்ப்பவரின் இரக்கத்தையும் அச்சத்தையும் கிளப்பி, அதன் வழியாகவே அவற்றைத் தூய்மைப்படுத்துகிறது என்று எழுதினார். அவர் சொன்ன 'கதார்சிஸ்' என்ற சொல்லுக்குச் சரியான பொருள் என்ன என்று அறிஞர்கள் இன்னமும் வாதாடுகிறார்கள், ஆனால் நம் மனதில் அது தங்கிவிட்ட விதம் எளிது: உள்ளே ஆவி அடைபட்டிருக்கிறது, குக்கர் விசில் அடித்தால் வெளியே போய்விடும். அழுதால் பாரம் குறையும் என்று சொல்வதும் இந்தக் கணக்கில்தான்.

கொட்டினால் தீரும் என்ற இந்தக் கணக்கு சோதனையில் சரியாக வரவில்லை. 2002இல் பிராட் புஷ்மன் என்ற உளவியலாளர் கோபத்தை வைத்து இதைச் சோதித்தார். தங்களைக் கோபப்படுத்தியவரை நினைத்துக்கொண்டே குத்துச்சண்டைப் பையை ஓங்கி ஓங்கிக் குத்தியவர்கள், ஒன்றும் செய்யாமல் சும்மா உட்கார்ந்திருந்தவர்களைவிடக் கூடுதல் கோபத்தோடுதான் எழுந்தார்கள். துக்கமும் கோபமும் ஒன்றில்லைதான். ஆனாலும் வெறுமனே கொட்டித் தீர்ப்பதில் ஆறுதல் இல்லை என்றால், அந்த ஐந்து வரி வேறு ஏதோ வேலை பார்த்திருக்க வேண்டும்.

அந்த வேலையின் முதல் பகுதி, பெயர் வைப்பது என்று நினைக்கிறேன். 2007இல் லாஸ் ஏஞ்சலிஸில் உள்ள கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தில் மேத்யூ லீபர்மன் குழுவினர் சிலரை எம்ஆர்ஐ ஸ்கேனரில் படுக்கவைத்து, கோபமோ பயமோ தெரியும் முகங்களைக் காட்டினார்கள். சில சமயம் அந்த முகத்தில் இருக்கும் உணர்ச்சிக்குப் பொருத்தமான சொல்லைத் தேர்ந்தெடுக்க வேண்டும், சில சமயம் அந்த ஆளுக்கு ஆண்பெயரா பெண்பெயரா பொருந்தும் என்று மட்டும் சொல்ல வேண்டும். இரண்டிலும் பார்ப்பது அதே மாதிரி முகங்கள்தான். உணர்ச்சிக்குச் சொல் வைத்தபோது, ஆபத்து என்று மூளைக்குள் மணியடிக்கும் அமிக்டாலாவின் துடிப்பு தணிந்தது, நெற்றிக்குப் பின்னால் வலப்பக்கம் இருக்கும் ஒரு பகுதி சுறுசுறுப்பானது. ஆறுதல் தேடி யாரும் அந்த வேலையைச் செய்யவில்லை. சொல் வைத்தார்கள், அது தானாகத் தணிந்தது.

இப்போது அந்தப் பாட்டைக் கொஞ்சம் கிட்டே போய்ப் பார்க்கலாம். "அற்றைத் திங்கள் அவ்வெண் நிலவின்" என்று தொடங்குகிறது. நடுவில் "இற்றைத் திங்கள் இவ்வெண் நிலவின்" என்று திரும்புகிறது. மாறியது இரண்டே எழுத்து, அந்த 'அ' இந்த 'இ' ஆகிவிட்டது, அவ்வளவுதான். அன்றைய நிலவில் எங்களுக்குத் தந்தை இருந்தார், எங்கள் குன்றைப் பிறர் கொள்ளவில்லை. இன்றைய நிலவில் குன்றை வேந்தர் கொண்டார்கள், தந்தையும் இல்லை. ஐந்து வரியிலும் 'கண்ணீர்' இல்லை, 'ஐயோ' இல்லை, துக்கம் என்று பொருள்படும் ஒரு சொல்கூடக் கிடையாது.

எங்கள் வீட்டில் அப்பாவின் மூக்குக்கண்ணாடி டிவிக்குப் பக்கத்தில் வைத்த இடத்திலேயே இருந்தது. ஜன்னல், நாற்காலி, காலையில் பேப்பர் வந்து விழும் சத்தம் எல்லாம் அப்படியே. எதுவும் மாறாததுதான் என்னைப் போட்டு வாட்டியது, ஆனால் அதை எனக்குச் சொல்லத் தெரியவில்லை, யாராவது கேட்டால் "கஷ்டமா இருக்கு" என்று மட்டும் சொல்வேன். அதே நிலவு, ஆள் மட்டும் இல்லை என்று இரண்டாயிரம் ஆண்டுக்கு முந்தைய இரண்டு பெண்கள் சொன்னபோதுதான் எனக்கு என்ன நடக்கிறது என்றே புரிந்தது.

'கஷ்டம்' மாதிரி மொத்தமான சொல் போதாது, நுணுக்கமான சொல் வேண்டும் என்பதையும் ஆய்வுகள் சொல்கின்றன. தன் உணர்ச்சிகளைப் பிரித்துப் பிரித்து அறியக்கூடியவர்கள் அவற்றைச் சமாளிப்பதிலும் கெட்டிக்காரர்களாக இருக்கிறார்கள் என்று லிசா ஃபெல்ட்மன் பாரெட் போன்ற உளவியலாளர்கள் பல ஆண்டுகளாகக் காட்டிவருகிறார்கள். தொல்காப்பியம் அழுகைக்கு நான்கு காரணம் சொல்கிறது: இளிவு, இழவு, அசைவு, வறுமை. இதில் அசைவு என்றால் முன்பிருந்த நிலை கெட்டு வேறாகி வருந்துவது என்று உரைகாரர் விளக்குகிறார். என்னுடையதை இழவு என்று மட்டுமே நினைத்திருந்தேன். அதில் பாதி அசைவு.

வேலையின் இரண்டாவது பகுதி தூரம். 2017இல் பிராங்க்பர்ட்டில் இருக்கும் மாக்ஸ் பிளாங்க் ஆய்வு நிறுவனத்தில் வின்ஃபிரீட் மென்னிங்ஹவுஸ் குழு முன்வைத்த விளக்கம் இது: இது கவிதை, நிஜ ஆபத்து இல்லை என்று மனதுக்குத் தெரிவதால் முதலில் ஒரு பாதுகாப்பான இடைவெளி கிடைக்கிறது, அந்த இடைவெளி இருக்கும் தைரியத்தில்தான் சோகத்தை விலக்காமல் அணைத்துக்கொள்ள முடிகிறது, அப்போது சோகம் வெறும் வலியாக இல்லாமல் நெகிழ்ச்சியாக மாறுகிறது. என் விஷயத்தில் அந்த இடைவெளி பறம்பு மலை, பாரி, வேந்தர். என் அப்பாவைப் பற்றி யாராவது நேரடியாக எழுதிக் கொடுத்திருந்தால் என்னால் படித்திருக்கவே முடியாது.

அதே நிறுவனத்தில் யூஜென் வாசிலிவிட்ஸ்கி, கவிதை கேட்பவர்களுக்குப் புல்லரிக்கிறதா என்று தோலையே கேமராவில் படம்பிடித்துப் பார்த்தார். அதிலும் ஒரு அழகான விஷயம் கிடைத்தது. புல்லரிக்கும்போது, வருத்தத்தில் புருவத்தைச் சுருக்கும் தசையும் கூடவே இறுகுகிறது, மூளையில் இன்பத்தோடு தொடர்புள்ள பகுதிகளும் விழித்துக்கொள்கின்றன. வலியும் இன்பமும் ஒரே நேரத்தில். அந்தப் புல்லரிப்பு அதிகம் வந்தது அடியின் முடிவிலும் கவிதையின் முடிவிலும். சில விநாடிகள் முன்னதாகவே மூளை அதை எதிர்பார்த்துத் தயாராகிறது. "எந்தையும் இலமே" என்று அந்தப் பாட்டு கடைசியில் போய் நிற்கும் இடத்தில், எத்தனையாவது தடவை படித்தாலும், என் கையில் மயிர் சிலிர்க்கிறது.

ஒன்றை மட்டும் சொல்லியாக வேண்டும். அசைபோடுவது என்று ஒன்று இருக்கிறது, அது இதுவல்ல. 'எனக்கு மட்டும் ஏன் இப்படி' என்று ஒரே இடத்தில் சுற்றிக்கொண்டே இருப்பது மனச்சோர்வை நீட்டித்துக் கடுமையாக்கும் என்று சூசன் நோலன் ஹோக்சிமா என்ற உளவியலாளர் தன் வாழ்நாள் முழுக்க ஆராய்ந்து காட்டினார். சோகப் பாட்டை விடாமல் கேட்டும் மனம் லேசாகாமல், தூக்கமும் பசியும் போய், நாள்கணக்கில் அப்படியே கிடந்தால் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு மருத்துவரைப் பார்க்கத்தான் வேண்டும்.

சரி, அம்மா விஷயத்துக்கு வருகிறேன். அம்மா அதுவரை அப்பாவைப் பற்றிப் பேசவே இல்லை, பேச்சை எடுத்தாலே எழுந்து போய்விடுவார். ஒரு நாள் சாயங்காலம் அந்தப் பாட்டை அவருக்குப் படித்துக் காட்டி, வரிக்கு வரி பொருளும் சொன்னேன். கொஞ்ச நேரம் ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இன்னொரு தடவை படி" என்றார்.