குச்சி காட்டாத தண்ணீர்

நிலத்தடி நீர் ஆய்வு என் தொழில். "ஜப்பான்லயே கம்பி பிடிச்சுத்தான் நீரோட்டம் பாக்குறாங்களாமே சார்?" என்று கேட்பவர்கள் உண்டு. பார்க்கிறார்கள்தான். 'எல்' வடிவக் கம்பிகளோடு, மண்ணில் புதைந்த குழாயைத் தேடுகிறவர்கள்கூட அங்கே இருக்கிறார்கள். ஆனால் கம்பியைத் திருப்புவது தண்ணீர் அல்ல. பிடித்திருப்பவரின் கை அவரறியாமல் செய்யும் சிறு அசைவு.

அப்புறம் எப்படித் தண்ணீர் கிடைக்கிறது? ஜப்பானில் ஆண்டுக்குச் சராசரியாக 1,700 மி.மீ. அளவில் மழை பெய்கிறது. ஆற்று வண்டல் படிந்த சமவெளிகளில் எங்கே தோண்டினாலும் ஏதோ ஓர் ஆழத்தில் நீர் தட்டுப்படும். அங்கே குச்சிக்காரர் தோற்பதுதான் கடினம். நம் கருங்கல் பூமியில் நீர் பாறைப் பிளவுகளில் இருக்கிறது. சில அடி தள்ளினால் துளை வறண்டுவிடும்.

9ஆம் நூற்றாண்டுத் துறவி கூக்காய் கைத்தடியால் தட்ட ஊற்று பிறந்தது என்று ஜப்பானில் எத்தனையோ ஊர்களில் கதை சொல்கிறார்கள். அந்த நம்பிக்கையை நான் மதிக்கிறேன். என்றாலும் நான் கையெடுத்துக் கும்பிடுவது சிபா மாகாணத்துக் கிணறு தோண்டிகளை. 19ஆம் நூற்றாண்டில் அவர்கள் உருவாக்கிய முறை கஸூஸாபோரி. மூங்கில் பட்டைகளை நீளமாக இணைத்து, முனையில் இரும்புக் குழாயைக் கட்டி, வளைந்து நிமிரும் கழிகளின் துள்ளலைக் கொண்டு இடித்து இடித்து இறக்குவார்கள். களிமண் கரைத்த நீர் துளையின் சுவர் சரியாமல் காக்கும். சில பேரின் உடல் பலத்திலேயே நூற்றுக்கணக்கான மீட்டர் இறங்கினார்கள்! மேலே வரும் மண்ணைப் பார்த்தே எந்த அடுக்கைத் தொட்டிருக்கிறோம் என்று கணித்தார்கள். அங்குள்ள குருரி ஊரில், மேட்டில் பெய்த மழை களிமண்ணுக்கு அடியிலுள்ள மணல் அடுக்கில் அழுத்தத்தோடு தேங்குவதால், கிணற்று நீர் இன்றும் தானாகவே பொங்கி வருகிறது. 2006இல் ஜப்பான் அரசு இந்தத் தொழில்நுட்பத்தை முக்கியமான நாட்டார் பண்பாட்டுச் சொத்தாக அறிவித்தது.

குச்சி சரியான இடத்தையே காட்டியதாக வைத்துக்கொள்வோம். அந்த நீரைக் குடிக்கலாமா என்று அது சொல்லாது. ஜப்பானின் ஃபுகுவோகா மாகாணத்தின் தென்பகுதியில் கிணற்று நீரிலேயே ஆர்சனிக் என்ற நச்சு இருப்பது 1990களில் தெரியவந்தது. அதற்கு நிறமோ வாசனையோ இல்லை, கொதிக்க வைத்தாலும் போகாது. அதனால் புதுக் கிணற்று நீரை ஆய்வகத்தில் சோதிக்காமல் குழந்தைகளுக்குக் கொடுக்காதீர்கள். பழைய கிணற்றைத் தூர்வார இறங்குவதற்கு முன் கருவி வைத்துக் காற்றைச் சோதியுங்கள். ஆக்சிஜன் 18 சதவீதத்துக்குக் கீழே போனால் அதை ஆபத்து என்கிறது ஜப்பானியத் தொழிலாளர் பாதுகாப்பு விதி. உள்ளே ஒருவர் மயங்கி விழுந்தால் பின்னாலேயே குதிக்காதீர்கள். தீயணைப்புத் துறையை அழையுங்கள்.