ஒரு பீட்டுக்கு 12 ஃபிரேம்

கணக்கிலிருந்தே தொடங்கலாம். சினிமாவில் நொடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 அசையாப் படங்கள், அப்படியானால் நிமிடத்துக்கு 1,440. நிமிடத்துக்கு 120 பீட் (தாள அடி) கொண்ட பாட்டு என்றால் ஒரு பீட்டுக்குச் சரியாக 12 ஃபிரேம் வரும். 144 பீட் என்றால் 10, 96 என்றால் 15. பீட் விழும் இடத்தில்தான் ஷாட்டை வெட்டுவேன் என்று அடம்பிடிக்கும் எடிட்டருக்கு இவை நல்ல எண்கள். பாட்டின் வேகம் 130 ஆகிவிட்டால் தலைவலி. பீட்டுக்கு 11 ஃபிரேமும் கொசுறும் வரும். 13 பீட்டுக்கு ஒருமுறை ஒரு ஃபிரேமைக் கூடுதலாகச் சேர்த்தால்தான் கணக்கு நேராகும். அரை ஃபிரேம் முன்னே பின்னே இருந்தால் யாருக்குத் தெரியப்போகிறது என்று கேட்கலாம். அதற்குப் பதில் சொல்ல, கண்ணும் காதும் நேரத்தை எப்படி அளக்கின்றன என்று பார்த்தாக வேண்டும்.

அதற்கு முன் படங்கள். பெரும்பாலான படங்களில் எடிட்டிங் முடிந்த பிறகே பின்னணி இசை வரும். நம் ஊரில் ரீ-ரெக்கார்டிங் என்று சொல்லும் அந்த வேலையில், வெட்டி முடித்த படத்தைத் திரையில் ஓடவிட்டு, அதன் நீளத்துக்கு இசையை அளவெடுத்துத் தைப்பார்கள். பாட்டுக் காட்சி மட்டும் தலைகீழ். பாட்டை முதலில் பதிவு செய்து, படப்பிடிப்பில் அதை ஒலிக்கவிட்டு, வாயசைப்பையும் ஆட்டத்தையும் அதற்கேற்ப எடுப்பார்கள். இந்தத் தலைகீழ் முறையை ஒரு பாட்டோடு நிறுத்தாமல் முழுப் படத்துக்கும் நீட்டினால் என்ன ஆகும்? சில இயக்குநர்கள் அந்தத் திசையில் போய்ப் பார்த்திருக்கிறார்கள். அந்தப் படங்களில் நிறம், கேமரா, ஷாட்டின் நீளம் எல்லாமே வேறு மாதிரி ஆகிவிடுகின்றன.

டாம் டிக்வரின் 'ரன் லோலா ரன்' 1998இல் வந்த ஜெர்மன் படம். காதலனைக் காப்பாற்ற 20 நிமிடத்துக்குள் ஒரு லட்சம் மார்க் (ஜெர்மனியின் அன்றைய நாணயம்) வேண்டும். லோலா பெர்லின் தெருக்களில் ஓடுகிறாள். அதே ஓட்டம் மூன்று முறை, மூன்று விதமான முடிவுகள். ஜானி கிளிமெக், ரைன்ஹோல்ட் ஹைல் இருவரோடு சேர்ந்து இயக்குநரே டெக்னோ என்ற மின்னணு நடன இசையும் போட்டார். லோலாவாக நடித்த ஃபிராங்கா பொட்டெண்டேயின் குரலும் அந்தப் பாட்டுகளில் இருக்கிறது.

ஒலியை அணைத்துவிட்டு இந்தப் படத்தை ஐந்து நிமிடம் பாருங்கள். துண்டு துண்டாக ஒட்டுப்போட்டது போல இருக்கும். லோலாவும் காதலனும் வரும் காட்சிகள் 35 மில்லிமீட்டர் ஃபிலிமில், மற்றவர்களின் காட்சிகள் வீடியோவில், பழைய நினைவுகள் கறுப்பு வெள்ளையில். மாடிப்படியில் இறங்கும்போது அவள் கார்ட்டூன் ஆகிவிடுகிறாள். வழியில் மோதும் ஆளின் எதிர்காலம் முழுவதும் கேமரா கிளிக் சத்தத்தோடு சில புகைப்படங்களாக ஓடி முடிகிறது. ஒலியைத் திரும்பக் கூட்டினால், இவ்வளவும் ஒரே ஓட்டமாகிவிடும். பீட் அறுபடாமல் போய்க்கொண்டிருப்பதால், படம் எத்தனை முறை வேடம் மாறினாலும் மூளை அதை ஒரே நிகழ்வாகவே எடுத்துக்கொள்கிறது. பீட் இருக்கும் தைரியத்தில்தான் இயக்குநர் இத்தனை பாணிகளைக் கலந்தார் என்று எனக்குத் தோன்றுகிறது. எதிர்ச் சான்றும் படத்திலேயே உண்டு. முதல் ஓட்டத்தில் கடையைக் கொள்ளையடித்துவிட்டு இருவரும் தப்பி ஓடும்போது டெக்னோ நின்று, அமெரிக்கப் பாடகி டைனா வாஷிங்டனின் பழைய, சாவகாசமான பாட்டு வருகிறது. உடனே படமும் ஸ்லோ மோஷனுக்குப் போய்விடுகிறது.

இப்போது கண்ணும் காதும். நேரத்தை அளப்பதில் இரண்டுக்கும் நடுவே பெரிய ஏற்றத்தாழ்வு உண்டு. தொடர்ந்து வரும் ஓர் ஒலிக்கு நடுவே இரண்டு மூன்று மில்லி நொடி இடைவெளி விட்டாலும் நல்ல காது கண்டுபிடித்துவிடும். கண்ணுக்கோ நொடிக்கு ஐம்பது அறுபது முறை மினுக்கும் விளக்கு, விடாமல் எரியும் விளக்காகவே தெரியும். எது எங்கே இருக்கிறது என்று சொல்வதில் கண்தான் கெட்டி. எது எப்போது நடந்தது என்ற கேள்வியில் மூளை காதைத்தான் நம்புகிறது.

அந்த நம்பிக்கை எவ்வளவு தூரம் போகும் என்பதை இரண்டு சோதனைகள் காட்டின. 1997இல் 'நேச்சர்' இதழில் வந்தது முதலாவது. திரையில் இரண்டு வட்டுகள் எதிரெதிராக வந்து, ஒன்றையொன்று கடந்து போகின்றன. ஒலி இல்லாமல் பார்த்தவர்களுக்குப் பெரும்பாலும் கடந்து போவதாகத்தான் தெரிந்தது. இரண்டும் சந்திக்கும் கணத்தில் ஒரு சின்ன கிளிக் சத்தம் சேர்த்ததும், வட்டுகள் மோதித் திரும்புவதாகப் பலருக்குத் தெரிந்தது. படத்தில் எதுவும் மாறவில்லை. இரண்டாவது 2000இல், அதே இதழில் வந்தது. ஒரே ஒரு வெளிச்சம் மின்னும்போது இரண்டு 'பீப்' ஒலித்தால், வெளிச்சம் இரண்டு முறை மின்னியதாகவே பார்ப்பவர்கள் சொன்னார்கள்.

லோலாவின் கால்களுக்கு வருவோம். ஓடுகிறவரின் பாதம் தரையில் படுவது மிகக் குறுகிய நிகழ்வு. சினிமா கேமராவில் ஒரு ஃபிரேமின் ஒளிபதிவு வழக்கமாக நொடியில் 48இல் ஒரு பங்கு நேரம், அதற்குள் கால் மங்கலாகிவிடும். எந்த ஃபிரேமில் பாதம் பட்டது என்று கண்ணால் உறுதியாகச் சொல்ல முடியாது. அந்தச் சந்தேகத்தை டிரம் தீர்த்து வைக்கிறது. பாதம் பட்ட நேரமும் டிரம் அடித்த நேரமும் கொஞ்சம் விலகியிருந்தாலும், இரண்டும் ஒன்றாக நடந்ததாகவே நமக்குத் தெரியும்.

'கொஞ்சம்' என்பது எவ்வளவு? ஒளிபரப்புத் துறைக்காகச் சர்வதேசத் தொலைத்தொடர்பு ஒன்றியம் வகுத்த அளவு இருக்கிறது. ஒலி படத்தை முந்தினால் சுமார் 45 மில்லி நொடியிலேயே பார்ப்பவருக்குத் தெரிந்துவிடுகிறது. ஒலி பின்தங்கினால் சுமார் 125 மில்லி நொடி வரை தெரிவதில்லை. இந்த ஓரவஞ்சனைக்கு இயற்கையில் ஒரு காரணம் சொல்லலாம். அக்கரையில் ஒருவர் துணியை ஓங்கிக் கல்லில் அடிப்பதைப் பார்த்திருப்பீர்கள். துணி கல்லில் பட்டது முதலில் தெரியும், சத்தம் பிறகுதான் வரும். ஒலி நொடிக்கு சுமார் 343 மீட்டர்தான் போகும், ஆறு 70 மீட்டர் அகலம் என்றால் நொடியில் ஐந்தில் ஒரு பங்கு தாமதம். சத்தம் முதலில் வந்து காட்சி பிறகு வருவது உலகத்தில் நடப்பதே இல்லை. மூளை அதற்குப் பழகவும் இல்லை. ஆகவே பீட்டின் மேல் சரியாக வெட்ட முடியாத எடிட்டர், ஒரு ஃபிரேம் முன்னதாக வெட்டினால் தப்பித்துவிடுவார். ஒரு ஃபிரேம் என்பது ஏறக்குறைய 42 மில்லி நொடி. அரை ஃபிரேமைப் பற்றிக் கவலையே வேண்டாம். அது ஒன்றன்மேல் ஒன்றாகச் சேராமல் பார்த்துக்கொண்டால் போதும்.

டென்மார்க்கின் லார்ஸ் வான் ட்ரியர் எடுத்த 'டான்சர் இன் த டார்க்' (2000) இதே பிரச்சினையை வேறு பக்கத்திலிருந்து அணுகியது. கான் திரைப்பட விழாவில் அந்த ஆண்டின் தங்கப் பனை விருது, அதாவது முதல் பரிசு, அதற்குத்தான். ஐஸ்லாந்துப் பாடகி ப்யோர்க் நாயகி செல்மாவாக நடித்துச் சிறந்த நடிகை விருதும் வாங்கினார், இசையும் அவருடையதே. அமெரிக்க ஆலை ஒன்றில் வேலை பார்க்கும் செல்மாவுக்குக் கண்பார்வை போய்க்கொண்டிருக்கிறது. ஆலை இயந்திரத்தின் அடி, ரயிலின் தடதடப்பு, கிராமஃபோன் ஊசியின் உராய்வு எல்லாம் அவள் காதில் தாளமாகி, பாட்டாக விரிகின்றன.

சத்தம் எப்போது தாளமாகிறது? சம இடைவெளியில் மூன்று நான்கு முறை வந்தாலே மூளை அடுத்ததற்குக் காத்திருக்கத் தொடங்கிவிடும். இடைவெளி அரை நொடியை ஒட்டி இருந்தால் ரொம்பச் சுலபம். இரண்டு நொடியைத் தாண்டினால் பிடி நழுவும். கைகால் அசையாமல் கேட்டுக்கொண்டிருந்தாலும், மூளையில் அசைவைத் திட்டமிடும் பகுதிகள் வேலை செய்வதை ஸ்கேனில் பார்த்திருக்கிறார்கள். இன்னொரு வேடிக்கை, ஒரே மாதிரியான அடிகளை நாம் இரண்டிரண்டாக, நான்கு நான்காகப் பிரித்து, ஒன்றைக் கனமாகவும் மற்றதை லேசாகவும் கேட்கிறோம். கடிகாரத்தின் 'டிக் டிக்' நமக்கு 'டிக் டக்' ஆவது இப்படித்தான்.

வான் ட்ரியர் 1995இல் எழுந்த 'டாக்மே' இயக்கத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர். காட்சி நடக்கும் இடத்தில் இல்லாத இசையைப் படத்தில் சேர்க்கக் கூடாது என்பது அதன் விதிகளில் ஒன்று. இந்தப் படம் டாக்மே படம் அல்ல. ஆனாலும் இயந்திரத்துக்குள்ளிருந்தே பாட்டைக் கிளப்புவது, அந்த விதியை மீறாமல் மீறும் சாமர்த்தியம் என்றே நான் பார்க்கிறேன்.

சாதாரணக் காட்சிகளில் கேமரா கையில் ஆடுகிறது, நிறங்கள் வெளுத்திருக்கின்றன. பாட்டு தொடங்கியதும் நிறம் ஏறுகிறது, கேமராக்கள் அசையாமல் நிற்கின்றன. பாட்டுக் காட்சிகளுக்காக 100 சிறிய டிஜிட்டல் கேமராக்கள் வரை பொருத்தினார்கள். காரணம் நேரம்தான். ஒரே கேமராவால் ஆட்டத்தைத் திரும்பத் திரும்ப எடுத்தால், ஒவ்வொரு முறையும் கைகால் சற்று மாறும், எடிட்டர் அதைப் பொருத்தப் போராட வேண்டும். நூறு கேமராவும் ஒரே நேரத்தில் ஓடினால், பாட்டின் எந்த பீட்டிலும் எந்தக் கோணத்துக்கும் தாவலாம். கை நின்ற இடத்தில் கை இருக்கும். விலையும் உண்டு. நூறு கோணத்தையும் ஓர் ஒளிப்பதிவாளர் யோசித்து அமைக்க முடியாது. சில ஷாட்டுகள் கடையின் கண்காணிப்புக் கேமராப் பதிவு போலத் தட்டையாக இருக்கின்றன. ரயில் பாட்டில் அந்தத் தட்டைத்தனமே கைகொடுக்கிறது, ஆலைப் பாட்டில் எனக்கு அது ஒட்டவில்லை.

எட்கர் ரைட்டின் 'பேபி டிரைவர்' (2017) பாட்டை முதலில் வைத்துப் படமெடுக்கும் முறையின் எல்லை வரை போன படம். திரைக்கதை எழுதும்போதே பாட்டுகள் முடிவாகிவிட்டன. அதில் துப்பாக்கிச் சூடு கூட பீட்டில் விழுகிறது. சாமர்த்தியம்தான், சந்தேகமில்லை. ஆனால் எதிர்பார்த்தது எதிர்பார்த்த இடத்திலேயே விழுந்துகொண்டிருந்தால் காது அலுத்துவிடும். பீட்டைப் பொருட்படுத்தாத வெட்டு ஒன்று எப்போது வரும் என்று பாதிப் படத்துக்கு மேல் ஏங்கத் தொடங்கினேன்.

இந்தப் படங்களை மொபைலில் பார்க்கிறவர்கள் கம்பி வைத்த இயர்போனைத் தேடி எடுப்பது நல்லது. புளூடூத் வழியே ஒலி காதுக்கு வர 100 முதல் 200 மில்லி நொடி வரை தாமதமாகலாம். பல செயலிகள் படத்தையும் அதே அளவு தாமதப்படுத்திச் சரிசெய்துவிடும், எல்லாம் அப்படிச் செய்வதில்லை. 120 பீட் பாட்டில் 200 மில்லி நொடி என்பது கிட்டத்தட்ட ஐந்து ஃபிரேம். எடிட்டர் ஒவ்வொரு ஃபிரேமாக எண்ணி வைத்த வெட்டு, பீட்டுக்கும் பீட்டுக்கும் நடுவே எங்கோ போய் விழும்.