பாலைக் காய்ச்சி விற்பவருக்குச் சட்டம் சொல்வது என்ன?

தம்பலகாமத்திலும் கிண்ணியாவிலும் பால் வாங்கி, பையில் அடைத்தோ யோகட்டாக்கியோ விற்கத் தொடங்க நினைப்பவர்கள் முதலில் பாலைச் சூடாக்கி நோய்க்கிருமிகளை அழிக்கும் தானியங்கி இயந்திரத்தின் விலையைத்தான் கேட்கிறார்கள். அதற்கு முன் சட்டத்தைத் தெரிந்துகொள்ளுங்கள். இலங்கையின் 1980ஆம் ஆண்டின் 26ஆம் இலக்க உணவுச் சட்டம், உண்ணத் தகாத உணவையும் கலப்படமான உணவையும் விற்பதைத் தடைசெய்கிறது. பத்து லீற்றர் விற்பவருக்கும் இது பொருந்தும். பொதுச் சுகாதாரப் பரிசோதகர் இடத்தைப் பார்வையிடலாம், மாதிரி எடுத்துப் பகுப்பாய்வுக்கு அனுப்பலாம்.

பாலைக் குறித்த சூட்டில் குறித்த நேரம் வைத்து நோய்க்கிருமிகளை அழிப்பதே பாச்சராக்கம். அதற்கு உலகெங்கும் ஏற்கப்பட்ட அளவு இரண்டு. தொட்டியில் என்றால் 63 பாகை செல்சியசில் 30 நிமிடம். தொடர்ந்து ஓடும் பாலுக்கு 72 பாகையில் 15 செக்கன். கன்னியா வெந்நீர்க் கிணற்றில் குளித்தவர்களுக்குத் தெரியும், 40 பாகையை ஒட்டிய நீரே தோளில் சுள்ளென்று விழும். 63 பாகையைக் கைவைத்துப் பார்த்துச் சொல்ல யாராலும் முடியாது. வெப்பமானியும் கடிகாரமும் கட்டாயம் வேண்டும்.

தானியங்கி இயந்திரத்தில் பால் மெல்லிய உருக்குத் தகடுகளுக்கிடையே பாய்ந்து சூடேறி, ஒரு நீண்ட குழாயில் 15 செக்கன் ஓடி, ஒரு வால்வை வந்தடைகிறது. நான் இயந்திரத்தின் உயிர் என்று சொல்வது அந்த வால்வைத்தான். சூடு குறைந்தால் அது பாலை முன்னே விடாமல் தொடக்கத் தொட்டிக்கே திருப்பிவிடும். மின்சாரம் நின்றாலும் அது திரும்பும் பக்கமே சாய வேண்டும். வாங்கும்போது மின்சாரத்தை நிறுத்தி இதைச் செய்துகாட்டச் சொல்லுங்கள், வெட்கப்படாதீர்கள். பக்கத்தில் ஒரு பேனாமுனை வட்டத் தாளில் சூட்டைக் கோடாக வரைந்துகொண்டிருக்கும். திகதியும் கையொப்பமும் இட்டு அந்தத் தாளைப் பத்திரப்படுத்துங்கள். கேள்வி எழும் நாளில் உங்களுக்காகப் பேசப்போவது அதுதான்.

ஆய்வுகூடத்திலும் உண்மை தெரிந்துவிடும். பச்சைப் பாலில் இயற்கையாக உள்ள பொஸ்பற்றேஸ் என்ற நொதியம் சரியான பாச்சராக்கத்தில் அழிந்துபோகும். அது மிஞ்சியிருந்தால் சூடு போதவில்லை, அல்லது பிறகு பச்சைப் பால் கலந்திருக்கிறது.

எருமைப் பாலைப் பொங்கக் காய்ச்சிச் சட்டித் தயிர் போடும் வீடுகள் இயந்திரம் இல்லையே என்று கலங்க வேண்டாம். அந்தக் கொதி பாச்சராக்கத்தையும் தாண்டியது. அங்கே கவனிக்க வேண்டியது அதற்குப் பிறகு நடப்பதை: பால் திறந்து கிடந்து ஆறும் நேரம், உறைமோர் எடுக்கும் கரண்டி, சட்டியின் உட்புறம்.

இயந்திரத்துக்கு முற்பணம் கொடுக்குமுன் கட்டட வரைபடத்தோடு உங்கள் பிரிவுச் சுகாதார வைத்திய அதிகாரி பணிமனைக்குப் போய்ப் பதிவு பற்றிக் கேளுங்கள். வியாபார உரிமத்துக்குப் பிரதேச சபைக்கோ நகர சபைக்கோ போக வேண்டும். பச்சைப் பால் வந்திறங்கும் இடமும் பாச்சராக்கிய பாலைப் பொதிசெய்யும் இடமும் வரைபடத்தில் தனித்தனியாக இருக்கட்டும். சுவர் எழுந்த பின் அதை மாற்றுவது பெருஞ்செலவு.