கொடிமலையில் காலம் விரைந்து ஓடுகிறது

பட்டர்வொர்த்திலிருந்து ஐந்தாம் படிவ மாணவி ஒருவர் கேட்டிருக்கிறார்: “நான் எழுதும் கதையில் காலத்தை வசப்படுத்தும் மந்திரவாதிகளின் கூட்டம் ஒன்று உண்டு. அரசன் அவர்களுக்குத் தடை விதித்துவிட்டான். மலை உச்சியில் ஒளிந்துகொண்டு காலத்தை மெதுவாக்குகிறார்கள். அறிவியல் இதை ஏற்குமா?”

ஏற்கும். ஆனால் அவர்களை மலையிலிருந்து இறக்கிவிடுங்கள். உச்சியில் காலம் விரைந்து ஓடும். மெதுவாக்க வேண்டுமென்றால் பள்ளத்தில்தான் குடியிருக்க வேண்டும்.

நான் சொல்வது கடிகார முள்ளைத் திருப்பும் வேலை அன்று. 1981 டிசம்பர் 31 இரவு 11.30 மணியை நம் தீபகற்ப மலேசியாவில் 12 மணியாக்கினார்கள். அன்று மாறியது பெயர் மட்டுமே. யாருக்கும் அரை மணி நேரம் வயது கூடவில்லை. மலையில் நடப்பது உண்மையான மாற்றம்.

பினாங்கின் ஆயர் ஈத்தாமில் கொடிமலை ரயில் புறப்படும் நிலையத்தில் நின்று, மேலே இருக்கும் நண்பரை நோக்கி ஒளியைப் பாய்ச்சுவதாக வைத்துக்கொள்வோம். மேலே எறிந்த பந்து வேகம் இழக்கும். ஒளியால் வேகம் இழக்க முடியாது, ஆற்றலைத்தான் இழக்கும். ஆற்றல் குறைந்தால் அதிர்வெண், அதாவது ஒரு வினாடியில் வந்து சேரும் அலைகளின் எண்ணிக்கை, குறையும் என்பது பள்ளிப் பாடம். ஆகவே நண்பர் தம்முடைய ஒரு வினாடிக்குள் எண்ணும் அலைகள், நாம் ஒரு வினாடியில் அனுப்பியவற்றைவிடக் குறைவு.

இங்கேதான் எனக்கு ஒவ்வொரு முறையும் மெய்சிலிர்க்கிறது. வழியில் ஓர் அலைகூடத் தொலையவில்லையே! கீழே நூறு கோடி அலை முகடுகள் புறப்பட்டால், மேலே நூறு கோடியும் வந்து சேர்ந்தே ஆக வேண்டும். அப்படியிருந்தும் எண்ணிக்கை குறைகிறது என்றால், ஒரே ஒரு விளக்கம்தான் மிஞ்சுகிறது: கீழே ஒரு வினாடிக்குள் அனுப்பி முடித்த அலைகளை வாங்கி முடிக்க, மேலே ஒரு வினாடிக்குச் சற்று அதிகமாகிறது. அங்கே காலமே கூடுதலாக ஓடியிருக்கிறது. ஐன்ஸ்டைன் 1907-லேயே இந்த முடிவை எட்டிவிட்டார். அப்போது அவர் பேர்ன் நகரக் காப்புரிமை அலுவலகத்தில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார்.

கொடிமலையின் உயரம் சுமார் 830 மீட்டர். உச்சியில் ஓராண்டு வாழ்பவருக்குக் கடற்கரையில் வாழ்பவரைவிட ஏறக்குறைய 3 மைக்ரோவினாடி (ஒரு மைக்ரோவினாடி என்பது வினாடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு) வயது கூடும். எழுபது ஆண்டுகள் இருந்தாலும் வினாடியில் ஐயாயிரத்தில் ஒரு பங்குதான். இதையும் அளந்துவிட்டார்கள். பவுண்ட், ரெப்கா என்ற இயற்பியலாளர்கள் 1960-இல் அமெரிக்காவின் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் 22.5 மீட்டர் கோபுரத்தில் காமா கதிர்களை வைத்து அளந்தார்கள். 2022-இல் கொலராடோவில் ஸ்ட்ரான்சியம் அணுக்களைக் கொண்டு ஒரே ஒரு மில்லிமீட்டர் உயர வேறுபாட்டில் அளந்தார்கள். தைப்பூசத்தன்று தண்ணீர்மலையின் 513 படிகளில் காவடி ஏறுகிறதே, அதில் ஒரு படியின் உயரத்தில் நூறில் ஒரு பங்குகூட இல்லை அது!

இவ்வளவு நுணுக்கம் எதற்கு, இதற்கெல்லாம் பணம் செலவிட வேண்டுமா என்று கேட்பவர்கள் கைப்பேசியில் வழி பார்த்துத்தான் வீடு திரும்புகிறார்கள். ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் கடிகாரம் வேகத்தால் நாளுக்கு 7 மைக்ரோவினாடி பின்தங்குகிறது; உயரத்தால் 45 முந்துகிறது. மிஞ்சும் 38-ஐத் திருத்தாவிட்டால் ஒரே நாளில் வழி கிலோமீட்டர் கணக்கில் பிசகிவிடும். ஆய்வுக்கு ஒதுக்கும் பணம் வீண் என்ற பேச்சைக் கேட்டால் எனக்குக் கோபம் வருகிறது. ‘கெட்ட நேரத்தை மாற்றித் தருகிறோம்’ என்று தாயத்து விற்பவர்களிடம் அதே மக்கள் மாதச் சம்பளத்தைக் கொடுப்பதைப் பார்க்கும்போது அந்தக் கோபம் வருத்தமாகிறது.

உங்கள் கதைக்கு வருவோம். பூமியின் ஈர்ப்பு கதைக்குப் போதாது. உங்கள் உலகில் அந்தப் பள்ளத்தின் ஈர்ப்பைக் கருந்துளைக்கு அருகில் இருப்பது போலக் கூட்டிக்கொள்ளுங்கள். பாகவதத்தில் ககுத்மி மன்னன் மகள் ரேவதியோடு பிரம்மலோகம் போய்ச் சற்றே காத்திருந்து திரும்புவதற்குள், பூமியில் இருபத்தேழு சதுர்யுகங்கள் (நான்கு யுகங்கள் சேர்ந்த சுற்றுகள்) கழிந்துவிடுகின்றன. உங்கள் மந்திரவாதி ஒருவர் பள்ளத்தில் ஓரிரவு தங்கிவிட்டு மேலே வரட்டும். தடை விதித்த அரசனின் கொள்ளுப்பேரன் அரியணையில் இருக்கலாம். தடைச் சட்டமே மறந்துபோயிருக்கலாம். ஆனால் அவர் மறுபடியும் பள்ளத்தில் இறங்கி, விட்டுவந்த மனைவியிடம் திரும்பிச் சேர்ந்ததாக மட்டும் எழுதாதீர்கள். பள்ளம் எவ்வளவு ஆழமானாலும் காலத்தைத் தாமதப்படுத்தும், பின்னோக்கித் திருப்பாது.