பாலியேட்டிவ்: போர்த்துவதா, தணிப்பதா?

சென்னையில் ஒரு மருத்துவமனையின் புற்றுநோய் வார்டில் அத்தைக்குத் துணையாக இருந்தபோதுதான் ‘பாலியேட்டிவ் கேர்’ என்ற சொல்லை முதன்முதலில் பார்த்தேன். போகவேண்டிய அறையின் பெயராக ஒரு சீட்டில் எழுதிக் கொடுத்திருந்தார்கள். பெரம்பூரிலிருந்து 29சி பஸ்ஸில் சாப்பாட்டுக் கூடையுடன் வந்து இறங்கிய மாமா அதைப் படித்துவிட்டு, “கைவிட்டுவிட்டார்களா?” என்று கேட்டார். அத்தைக்கு மூன்றாவது கீமோ அப்போதுதான் முடிந்திருந்தது. சிகிச்சை நடந்துகொண்டுதான் இருந்தது. நோயின் வலியையும் மற்ற அவதிகளையும் குறைக்கும் பராமரிப்புக்குத்தான் அந்தப் பெயர்.

லத்தீனில் ‘பாலியம்’ என்றால் தோளில் போர்த்திக்கொள்ளும் மேலாடை. அதிலிருந்து ‘போர்த்தி மூடுதல்’ என்ற வினை பிறந்தது. ஆங்கிலத்துக்கு வந்தபோது, நோயை வேரறுக்காமல் அதன் கடுமையை மட்டும் குறைப்பது என்ற பொருளைப் பெற்றது. குற்றத்தைப் பூசி மெழுகுவதற்கும் அங்கே இதே வினைதான். ஆக, பிறக்கும்போதே கொஞ்சம் கெட்ட பெயருடன் பிறந்த சொல்.

செவிலியாகத் தொடங்கி மருத்துவரான சிசிலி சாண்டர்ஸ் 1967-இல் லண்டனில் ஒரு ‘ஹாஸ்பிஸ்’, அதாவது இறுதிக்கட்ட நோயாளிகளைப் பராமரிக்கும் இல்லம், தொடங்கினார். அங்கே சென்று கற்ற கனடா மருத்துவர் பால்ஃபர் மவுன்ட், 1970-களில் மாண்ட்ரியலில் அதேபோல ஒரு பிரிவை அமைத்தார். பிரெஞ்சு பேசும் அந்த ஊரில் ‘ஹாஸ்பிஸ்’ என்றால் போக்கிடம் இல்லாதவர்களின் விடுதி என்ற நினைப்பு வரும். அதனால் அவர் தேர்ந்தெடுத்த மாற்றுப் பெயர்தான் ‘பாலியேட்டிவ் கேர்’. யாரும் மிரளக்கூடாது என்று வைத்த பெயர், எங்கள் மாமாவை மிரளவைத்தது!

தமிழில் இதற்குப் பல பெயர்கள் உலவுகின்றன. ‘வலி நிவாரண சிகிச்சை’ என்பது குறுகிய பெயர். வாந்தி, மூச்சுத்திணறல், தூக்கமின்மை, பயம் எல்லாம் அதற்கு வெளியே நின்றுவிடுகின்றன. போதாக்குறைக்கு ‘நிவாரணம்’ என்றால் சென்னைக்காரனுக்கு வெள்ளமும் டோக்கனும்தான் நினைவுக்கு வரும். 2021-இல் தொடங்கிய ‘மக்களைத் தேடி மருத்துவம்’ திட்டத்தில் ‘நோய் ஆதரவு சேவை’ என்கிறார்கள். நல்ல எண்ணம்தான், ஆனால் நோய்க்கே ஆதரவு தெரிவிப்பதுபோல் காதில் விழுகிறது.

என் ஓட்டு ‘நோய்த்தணிப்பு’ என்பதற்கு. “நோய்நாடி நோய்முதல் நாடி அதுதணிக்கும் வாய்நாடி” என்ற குறளிலேயே அந்த வினை இருக்கிறது. தீர்ப்பதும் தணிப்பதும் அங்கே ஒரே சொல்லுக்குள் அடங்குகின்றன. காய்ச்சல் தணியும், தாகம் தணியும், கோபமும் தணியும். போர்வை மூடத்தான் செய்யும். உள்ளே இருப்பது அப்படியே இருக்கும். நோய் கண்ட நாளிலிருந்தே, கீமோவுடன் சேர்த்தே தரவேண்டிய ஒன்றுக்குத் ‘தணிப்பு’தான் பொருந்துகிறது.

அதே அதிகாரத்தின் கடைசிக் குறள், மருத்துவத்தின் நான்கு கூறுகளில் நோயாளி, மருத்துவர், மருந்து ஆகியவற்றோடு ‘உழைச்செல்வான்’ என்பவரையும் சேர்க்கிறது. இந்த ‘உழை’ உழைப்பு அல்ல. ‘பக்கம்’ என்று பொருள். பக்கத்திலேயே இருப்பவர். இன்றைய வார்டில் அந்த வேலையை நர்ஸும், ‘அட்டெண்டர்’ என்று அழைக்கப்படும் வீட்டு ஆளும் பங்கிட்டுக்கொள்கிறார்கள்.

அத்தையின் வாயெல்லாம் புண்ணாகி, மோர்கூட இறங்காமல் இருந்தது. நர்ஸ் ஒரு டம்ளர் வெதுவெதுப்பான நீரில் உப்பும் சமையல் சோடாவும் கலந்து, கொப்பளித்துத் துப்பச் சொன்னார். குழந்தைகளுக்கான மெல்லிய பிரஷ் வாங்கிவரச் சொன்னார். வலிக்கான மார்ஃபின் மாத்திரையோடு மலமிளக்கியும் தந்து, “இதைத் தவறவிட்டால் அடுத்த புகார் வயிற்றிலிருந்து வரும்” என்றார். பிறகு வலியைக் கேட்டார்: “பத்துக்கு எத்தனை கொடுப்பீர்கள், அம்மா?”

அத்தை முப்பது வருடம் கணக்கு டீச்சர். முதல் நாள் “ஒன்பது” என்றவர், நான்காம் நாள் கொஞ்சம் யோசித்தார்.

“மூன்றரை, சிஸ்டர். பாஸ் மார்க்.”