தூக்க மாத்திரை இல்லைங்க, நம்புங்கள்

மஞ்சப்பைக்குள் கையை விட்டு அந்தக் கணவர் எடுத்து என் மேசைமேல் வைத்தது ஒரு மாத்திரை அட்டை. பத்தில் ஆறு குழி காலி, மீதி நான்கில் மாத்திரை அப்படியே இருந்தது. "நீங்க குடுத்ததுதான் சார், அன்னைக்கு நிறுத்துனது, அப்படியே எடுத்து வெச்சிருக்கோம்" என்றார். அன்றைக்கு என்பது ஏழு மாதத்துக்கு முன்னால். பக்கத்தில் தலையைக் குனிந்தபடி உட்கார்ந்திருந்த அவர் மனைவியைச் சீட்டில் பெயர் பார்க்கும்வரை எனக்கு அடையாளம் தெரியவில்லை. 11 கிலோ குறைந்திருந்தார்.

அது நடந்து இரண்டு மாதம் ஆகிறது. நான் மனநல மருத்துவர், மாத்திரையைப் பாதியில் நிறுத்திவிட்டு இப்படித் திரும்பி வந்தவர்கள் அதற்குள் மூன்று பேர். அதனால்தான் ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் தூங்காமல் உட்கார்ந்து இதை எழுதுகிறேன், குரல் கொஞ்சம் காட்டமாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். (ஆள் யாரென்று தெரியாதபடி விவரங்களை மாற்றித்தான் எழுதுகிறேன்.)

அந்த அக்கா வீட்டு முன்னறையில் மெஷின் போட்டு ஜாக்கெட் தைப்பவர். தீபாவளிக்கு முந்தின மாதமெல்லாம் ராத்திரி ஒரு மணி வரைக்கும் மெஷின் ஓடுமாம். முதல்முறை என்னிடம் வந்தபோது கூடவே ஒரு கிலோ காகிதமும் வந்தது. ஆறு வருடத்தில் எடுத்த 14 ஈ.சி.ஜி., இரண்டு எண்டோஸ்கோபி, ஒரு மூளை ஸ்கேன், எல்லாமே நார்மல். திடீரென்று நெஞ்சு படபடக்கும், கை சில்லிட்டுப் போகும், உயிர் இப்போதே போய்விடும்போல இருக்கும், ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரி வாசலுக்குப் போவதற்குள் பாதி சரியாகிவிடும். ஒவ்வொரு இடத்திலும் "உங்களுக்கு ஒண்ணுமில்லம்மா" என்று சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். ஒன்றுமில்லை என்ற அந்த வார்த்தையைக் கேட்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். இதயத்தில் ஒன்றுமில்லை என்றால் அதோடு விஷயம் முடிந்ததா? அவருக்கு இருந்தது பீதி நோய், அதோடு சேர்ந்து வளர்ந்த மனச்சோர்வு. இரண்டும் மருத்துவப் புத்தகத்தில் பெயரும் சிகிச்சையும் உள்ள வியாதிகள்.

இது எவ்வளவு பேருக்கு இருக்கிறது என்று தெரிந்தால் பலர் அதிர்ச்சியாவார்கள். பெங்களூருவில் இருக்கும் தேசிய மனநல நிறுவனமான நிம்ஹான்ஸ் 2015-16இல் தமிழ்நாடு உட்பட 12 மாநிலங்களில் வீடு வீடாகப் போய் ஒரு தேசிய மனநலக் கணக்கெடுப்பு நடத்தியது. 18 வயதைத் தாண்டியவர்களில் 10.6 சதவீதம் பேருக்கு அந்த நேரத்தில் ஏதாவது ஒரு மனநலப் பிரச்சினை இருந்தது, அதுவும் புகையிலைப் பழக்கத்தைக் கணக்கில் சேர்க்காமல். ஐம்பது பேர் ஏறிய டவுன் பஸ்ஸில் ஐந்து பேர் என்று வைத்துக்கொள்ளுங்கள். மனச்சோர்வு, பதற்றம் மாதிரியான பொதுவான பிரச்சினைகள் இருந்தவர்களில் 85 சதவீதம் பேர் எந்த சிகிச்சையிலும் இல்லை என்பதும் அதே கணக்கெடுப்பு சொன்னதுதான். மீதி 15 பேரில் எத்தனை பேர் மாத்திரையை ஒழுங்காக முடிக்கிறார்கள் என்று எனக்கு மட்டும்தான் தெரியும், அந்த வயிற்றெரிச்சலைக் கீழே சொல்கிறேன்.

மனநல மருத்துவர் என்றால் கிழிந்த சட்டையோடு தெருவில் தனக்குத்தானே பேசிக்கொண்டு போகிறவர்களைப் பார்ப்பவர் என்றுதான் இன்னும் நினைக்கிறார்கள். ஒரு நாளைக்கு என்னிடம் நாற்பது பேர் வந்தால் காதில் குரல் கேட்கிறது என்று வருபவர்கள் நாலைந்து பேர். மற்றவர்களெல்லாம் டீச்சர், லாரி டிரைவர், மில் வேலைக்குப் போகும் பெண், பிளஸ் டூ பையன், பேரனைப் பார்த்துக்கொள்ளும் பாட்டி. அவர்களில் யாரும் "எனக்கு மனச்சோர்வு" என்று சொல்லிக்கொண்டு உள்ளே வருவதில்லை. உடம்பெல்லாம் அசதி என்பார்கள், கேஸ் என்பார்கள், தலைக்குள் ஏதோ ஊர்கிறது, உள்ளங்கால் எரிகிறது, மூன்று மணிக்கு முழிப்பு வந்தால் அப்புறம் தூக்கமே இல்லை என்பார்கள். நம் ஊரில் மனசு உடம்பு வழியாகத்தான் பேசும், அதைக் காது கொடுத்துக் கேட்கத் தெரியாத டாக்டர்கள்தான் எண்டோஸ்கோபிக்கு எழுதித் தருகிறார்கள். என் சகாக்கள் கோபித்துக்கொண்டாலும் பரவாயில்லை.

சரி, அக்காவுக்கு வருவோம். தைராய்டு, ரத்தசோகை, பி12 எல்லாம் பார்த்துவிட்டு எஸ்ஸிட்டாலோபிராம் என்ற மாத்திரையைத் தொடங்கினோம். இரண்டாவது வாரம் வரை "ஒண்ணும் பிரயோஜனம் இல்ல சார்". ஆறாவது வாரம் முகம் தெளிந்து வந்தார், ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்கு ஓடி ஒரு மாதம் ஆகிவிட்டது என்றார். பத்தாவது வாரம் கொழுந்தனார் ஊரிலிருந்து வந்திருக்கிறார். மாத்திரைப் பெயரை போனில் தட்டிப் பார்த்திருக்கிறார். "அண்ணி, இது தூக்க மாத்திரை, பழகிடும், அப்புறம் ஆயுசுக்கும் விட முடியாது." முடிந்தது கதை. அன்றைக்கு ராத்திரி அந்த அட்டையில் நான்கு மாத்திரை மிச்சம் நின்றது.

இதைப் பத்து வருடமாகச் சொல்லிக்கொண்டே இருக்கிறேன், இன்னொரு முறையும் சொல்கிறேன். எஸ்ஸிட்டாலோபிராம், செர்ட்ராலின், ஃபுளுவாக்ஸெட்டின் வகை மாத்திரைகள் தூக்க மாத்திரை அல்ல. போட்ட ராத்திரியே தூக்கம் வராது, முதல் வாரம் சிலருக்குத் தூக்கம் குறையக்கூடச் செய்யும், லேசாகக் குமட்டும், தலை வலிக்கும், அது அடங்கிவிடும். வேலை செய்யவே இரண்டிலிருந்து நாலு வாரம் எடுத்துக்கொள்ளும் ஒரு மாத்திரைக்கு யார் அடிமையாவார்கள், யோசித்துப் பாருங்கள். அடிமையாவது என்றால் நாளாக ஆக அளவு கூடிக்கொண்டே போகணும், கிடைக்காவிட்டால் அதற்காக மனசு ஏங்கணும். இந்த மாத்திரைக்காக யாரும் மெடிக்கல் ஷாப் ஷட்டரைத் தட்டிக்கொண்டு நின்றதில்லை. ஒரு விஷயம் மட்டும் உண்மை, மறைக்கவில்லை. பல மாதம் போட்டுவிட்டுச் சட்டென்று நிறுத்தினால் தலைசுற்றும், எரிச்சல் வரும், தலைக்குள் ஷாக் அடித்த மாதிரி இருக்கும். "பாத்தியா, பழகிடுச்சு" என்று கொழுந்தனார்கள் காட்டுவது இதைத்தான். உடம்பு பழக்கப்பட்ட ஒன்றைத் திடீரென்று பிடுங்கினால் அது முனகத்தான் செய்யும். நாங்கள் படிப்படியாகக் குறைத்து நிறுத்துவது இதற்காகத்தான்.

வேடிக்கையைக் கேளுங்கள். அதே அக்கா நான்கு வருடமாகத் தினமும் ராத்திரி அல்பிராசோலம் என்ற, பதற்றத்தைத் தணித்துத் தூங்க வைக்கும் மாத்திரையைப் போட்டுக்கொண்டிருந்தார். எப்போதோ ஒரு டாக்டர் ஒரு வாரத்துக்கு எழுதிக்கொடுத்த சீட்டு, மெடிக்கலில் பழக்கமான பையன், சீட்டு இல்லாமலே கிடைத்துக்கொண்டிருந்தது. உண்மையிலேயே பழக்கமாகும் மாத்திரை அதுதான், ஒழுங்காகச் சீட்டைப் பார்த்து, பெயரைப் பதிவேட்டில் எழுதித்தான் அதைக் கொடுக்க வேண்டும் என்பது சட்டம். அதைப் பற்றி வீட்டில் ஒருவரும் ஒரு கேள்வி கேட்கவில்லை. "அது கேஸ் மாத்திரைதானே சார்" என்றார் கணவர். அவரையும் முழுக்கக் குறை சொல்ல முடியாது, வயிற்றுக்கென்று தரும் சில கூட்டு மாத்திரைகளில் அதே குடும்பத்தைச் சேர்ந்த குளோர்டயஸிபாக்சைடு சத்தமில்லாமல் சேர்ந்தே வருகிறது. ஆக, பயப்பட வேண்டியதைப் பயமில்லாமல் விழுங்குகிறோம், உதவி செய்வதைப் பார்த்துப் பயந்து ஓடுகிறோம். இதைப் படித்துவிட்டு அல்பிராசோலத்தை இன்றைக்கே நிறுத்திவிடாதீர்கள், வருடக்கணக்கில் போட்டவர்கள் திடீரென்று நிறுத்தினால் வலிப்பே வரலாம். டாக்டரிடம் போய்க் குறைத்துக் குறைத்து நிறுத்த வேண்டும்.

ஆயுசுக்கும் சாப்பிட வேண்டுமா? முதல்முறை வந்த மனச்சோர்வு என்றால் நன்றாக ஆனபிறகு ஆறிலிருந்து ஒன்பது மாதம், அவ்வளவுதான் பெரும்பாலும். திரும்பத் திரும்ப வந்தால் கூடுதல் காலம். காதில் குரல் கேட்கிற மாதிரியான மனச்சிதைவு, மனசு உச்சத்துக்கும் பள்ளத்துக்கும் மாறி மாறிப் போகும் இருதுருவ நோய் என்றால் நெடுங்காலம், சர்க்கரைக்கும் பி.பி.க்கும் போடுவதுபோல. சர்க்கரை மாத்திரையைக் கொழுந்தனார் வந்து நிறுத்துவதில்லை என்பதுதான் வித்தியாசம்.

"அவளுக்கு என்ன சார் குறை? வீடு இருக்கு, புள்ளைங்க நல்லா படிக்குது" என்று தினமும் ஒருவராவது கேட்கிறார். குறை இருந்தால்தான் வரும் என்று யார் சொன்னது? பரம்பரை ஒரு பங்கு. தைராய்டு சரியில்லாவிட்டாலும் இதே முகம்தான் காட்டும். பிரசவத்துக்குப் பிறகு வரும் மனச்சோர்வை "பச்சை உடம்பு, அப்படித்தான் அழுவா" என்று ஒதுக்கிவிடுகிறார்கள், நம் நாட்டில் ஏறக்குறைய ஐந்து தாய்மார்களில் ஒருவருக்கு அது வருகிறது. சர்க்கரை நோயாளிகளுக்கு மற்றவர்களைவிட ஏறக்குறைய இரண்டு மடங்கு மனச்சோர்வு அதிகம். அப்புறம் கடன். செவ்வாய்க்கிழமை காலை குழுக் கடன் தவணை கட்டும் பெண்களில் திங்கட்கிழமை ராத்திரி தூங்காதவர்கள் எத்தனை பேர் என்று என் நோயாளிகளைக் கேட்டால் தெரியும். சின்ன வயதில் யாரிடமும் சொல்ல முடியாமல் போன கொடுமைகள், குடிக்கிற வீட்டுக்காரர், நைட் ஷிஃப்ட். பெரும்பாலும் இவற்றில் நாலைந்து ஒன்றாகச் சேர்ந்துதான் ஆளைச் சாய்க்கும். ஒற்றைக் காரணத்தைத் தேடி ஜாதகத்தைப் புரட்டினால் ஒற்றைப் பரிகாரம்தான் கிடைக்கும்.

கவனிக்காமல் விட்டால் என்ன ஆகும் என்பதற்குப் பெரிய பட்டியல் எதுவும் வேண்டாம். அக்காவின் மெஷினை வீட்டில் விற்றுவிட்டார்கள். பெண்ணின் கல்லூரிக் கட்டணம் அந்த ஜாக்கெட் காசில்தான் போய்க்கொண்டிருந்தது, பெண் ஒரு வருடம் வீட்டில் நின்றுவிட்டாள். அம்மாவை ராத்திரி தனியாக விடப் பயந்து மகன் வாசலில் பாய் போட்டுப் படுத்திருக்கிறான், பதினாறு வயதுப் பையன். 2022இல் மட்டும் தமிழ்நாட்டில் 19,834 பேர் தற்கொலை செய்துகொண்டதாகத் தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் சொல்கிறது, மகாராஷ்டிரத்துக்கு அடுத்து நாம்தான். அந்த எண்ணிக்கையைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்தப் பாய்தான் ஞாபகம் வருகிறது.

வீட்டில் யாராவது "இருந்து என்ன பிரயோஜனம்" என்று பேசினால் "சும்மா உளறாதே" என்று வாயை அடைக்காதீர்கள். செத்துவிடலாம்போல இருக்கிறதா என்று நேராகவே கேளுங்கள். கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக வந்துவிடாது, கேட்க ஒரு ஆள் இருக்கிறாரே என்ற ஆறுதல்தான் வரும். தனியாக விடாதீர்கள், அன்றைக்கே கூட்டிக்கொண்டு வாருங்கள். போலீஸ் கேஸ் ஆகிவிடும் என்று பயந்து மறைக்க வேண்டாம். 2017 மனநலப் பாதுகாப்புச் சட்டம் அப்படி முயன்றவரைக் கடும் மன அழுத்தத்தில் இருந்தவராகத்தான் கருதுகிறது, தண்டிக்கச் சொல்லவில்லை, சிகிச்சை கொடுக்கச் சொல்கிறது.

கல்யாணம் பண்ணி வைத்தால் சரியாகிவிடும் என்பவர்களுக்கு ஒரே வார்த்தை: பண்ணாதீர்கள். இன்னொரு வீட்டுப் பிள்ளை உங்களுக்கு மருந்து கிடையாது.

கோயிலுக்குப் போங்கள், தர்காவுக்குப் போங்கள், மந்திரிக்க வேண்டுமென்றாலும் மந்திரித்துக்கொள்ளுங்கள், நான் குறுக்கே நிற்கவில்லை. மாத்திரையை மட்டும் நிறுத்தாதீர்கள், யாரையும் கட்டிப் போடாதீர்கள். 2001 ஆகஸ்ட் 6 அன்று ஏர்வாடி தர்காவுக்குப் பக்கத்தில் மனநோயாளிகளை வைத்திருந்த ஒரு காப்பகத்தில் தீப்பிடித்தபோது சங்கிலியில் கட்டப்பட்டிருந்ததால் ஓட முடியாமல் 28 பேர் செத்துப்போனார்கள். பிறகு அரசே அங்கே பிரார்த்தனையும் மருந்தும் சேர்ந்து நடக்க ஏற்பாடு செய்தது. இரண்டும் சேர்ந்து நடக்கும்.

அக்காவுக்குத் திரும்பத் தொடங்கி இப்போது எட்டாவது வாரம். போன தடவை நான் பி.பி. பார்த்துக்கொண்டிருக்கும்போதே என் அறைத் திரைச்சீலையை உற்றுப் பார்த்தவர், "மடிச்சுத் தெச்ச இடம் பிரிஞ்சு தொங்குது சார், கழட்டிக் குடுங்க, தெச்சுக் கொண்டாறேன்" என்றார். மெஷினுக்கு எங்கே போவீர்கள் என்று கேட்டேன். பக்கத்து வீட்டில் இருக்கிறதாம்.

சரி, வேலையைப் பார்ப்போம். இரண்டு வாரத்துக்கு மேல் தூக்கமோ பசியோ வேலையில் ஈடுபாடோ போய்விட்டது என்றால் காட்டிவிடுங்கள். பணம் இல்லையென்று தள்ளிப்போட வேண்டாம், மாவட்ட அரசு மருத்துவமனைகளில் மனநலப் பிரிவு உண்டு, மாத்திரை இலவசம். நேரில் வரக் கூச்சமாக இருந்தால் 14416க்குப் போன் போடுங்கள், மத்திய அரசின் டெலி மானஸ், எந்த நேரமும் எடுப்பார்கள், தமிழிலேயே பேசலாம். மாத்திரை ஒத்துக்கொள்ளவில்லை என்றால் நிறுத்துவதற்கு முன்னால் எழுதிக் கொடுத்தவரைக் கேளுங்கள், போனில் தட்டிப் பார்த்தவரை அல்ல. வரும்போது பழைய சீட்டு, ரிப்போர்ட், வீட்டில் மிச்சமிருக்கும் மாத்திரை அட்டை, அந்தக் கேஸ் மாத்திரை உட்பட எல்லாவற்றையும் பையில் போட்டுக்கொண்டு வாருங்கள். தயவுசெய்து காலையில் சாப்பிட்டுவிட்டு வாருங்கள், வெறும் வயிற்றில் ரத்தம் எடுக்க வேண்டுமென்றால் நாங்களே முந்தின நாள் சொல்லிவிடுவோம்.